பாண் துண்டும் ஒரு சொல்லும்

வில்லியம் பக்லி ஓர் ஆங்கிலேயப் படைவீரர். 1799இல் ஒல்லாந்தில் பிரெஞ்சுப் படைகளுக்கு எதிரான போரில் காயம்பட்டவர். 1802இல் திருட்டுத் துணி வாங்கிய குற்றத்துக்காக கைதியானார். 1803இல் மெல்பேணுக்குத் தெற்கே, சொரெண்டோ முகாமிலிருந்து தப்பியோடினார். ஜீலோங் பகுதியின் வதாவுரோங் மக்கள், இறந்துபோன தம் உறவினர் திரும்பி வந்துவிட்டார் என்று நம்பி அவரை ஏற்றுக்கொண்டார்கள். அவர்களோடு 32 ஆண்டுகள் வாழ்ந்தார்.

1835இல் வெள்ளையர்களைச் சந்தித்தபோது தாய்மொழி அவர் வாயில் வரவில்லை. ஒருவர் பாண் துண்டை நீட்டி, "பிரெட்" என்றார். பக்லியும் திருப்பிச் சொன்னார். அதோடு மற்றச் சொற்களும் மெல்ல மெல்ல வந்தன.

வளர்ந்தபின் வந்தவருக்கே மொழி மறந்தது. நம் பிள்ளைகளுக்குச் சாப்பாட்டு மேசையிலாவது தமிழ்ப் பெயர்களைச் சொல்லிக்கொடுப்போம்.