திரையில் விரியும் நெய்தல்



மதுரை கே.கே. நகரில் வாழும் எனக்குக் கடற்கரை அண்மையில் இல்லை. சாலை வழியே 100 கிலோமீட்டருக்கு மேல் செல்லவேண்டும். வைகை மணலே நாங்கள் அறிந்த மணல்.

ஆசிரியப் பணியின் தொடக்கத்தில் ஒருநாள் ஐந்திணையை விளக்கிக்கொண்டிருந்தேன். "நெய்தலின் உரிப்பொருள் இரங்கல்" என்றேன். கடலையே கண்டிராத மாணவன் ஒருவன் எழுந்து, "சினிமாவில் கடற்கரையில் காதலர்கள் ஆடிப் பாடுகிறார்களே, ஐயா! அங்கே இரங்குவது எதற்கு?" என்று கேட்டான். வகுப்புச் சிரித்தது. "இலக்கணம் அப்படித்தான் சொல்கிறது, எழுதிக்கொள்" என்று அவனை அமர்த்திவிட்டேன். அது விடையன்று என்பதை அன்றே அறிவேன்.

விடையைப் பின்னாளில் திரைப்படங்களே எனக்குக் கற்பித்தன. பிரெஞ்சு இயக்குநர் திரூஃபோ 1959 இல் எடுத்த, ஆங்கிலத்தில் 'ஃபோர் ஹன்ட்ரட் ப்ளோஸ்' என வழங்கும் படத்தின் இறுதியில், சீர்திருத்தப் பள்ளியிலிருந்து தப்பிய சிறுவன் ஓடி ஓடிக் கடலை அடைகிறான். மேலே ஓட நிலம் இல்லை. திரும்பி நம்மைப் பார்க்கிறான். படம் அம்முகத்திலேயே நின்றுவிடுகிறது. கடற்கரை என்பது கால்கள் நின்றுவிடும் எல்லை. கடலுக்குள் சென்றவரைக் கரையில் இருப்பவர் பின்தொடர முடியாது, காத்திருக்கத்தான் முடியும்.

தகழியின் புதினத்தை ராமு காரியாத் 1965 இல் 'செம்மீன்' என்னும் மலையாளப் படமாக்கினார். கடலுக்குச் சென்றவனின் உயிரை மனைவியின் கற்பே காக்கிறது என்று அப்படத்தின் ஊர் நம்புகிறது. காத்திருப்போடு பழியும் அவள் தலைமேல்! சீனு ராமசாமியின் 'நீர்ப்பறவை' 2012 இல் வந்தது. அதில் எஸ்தர், கடலுக்குப் போன கணவனை எண்ணி முதுமையிலும் கடலை நோக்கியிருக்கிறாள். இப்பெண்களுக்குக் கடற்கரை உலாவும் இடமன்று, வீட்டு வாசல்.

அப்படியானால் காதலர் பாட்டுப் பொய்யா? அன்று. புகார்க் கடற்கரையில் கோவலனும் மாதவியும் யாழிசைத்துப் பாடினார்கள், அப்பாட்டினாலேயே பிரிந்தார்கள். அப்பிரிவே கோவலனை நம் மதுரைக்குக் கொண்டுவந்தது, மதுரை எரிந்தது. ஆடிப் பாடிய மணலிலேதான் இரங்கலும் பிறந்தது.

ஆகவே, இளைஞர்களே, திரையில் கடற்கரை தோன்றும்போது அலையை மட்டும் பாராதீர்கள். கரையில் நிற்பவர் யார், யார் வரவை நோக்கி நிற்கிறார் என்று கேளுங்கள்.

அன்று கேட்ட அம்மாணவன் இன்று எங்கிருக்கிறானோ, அறியேன். இவ்வுரை அவன் செவியில் விழுமானால், அவனுக்குரிய விடை இதுவே. காலம் தாழ்த்திய ஆசிரியனை அவன் பொறுத்தருள்வானாக.