ருக்மணி தேவி: திரைக்கு முன்னும் பின்னும் ஒலித்த குரல்

இலங்கைத் திரைப்பட வரலாற்றைப் பல்லாண்டுகளாகத் துருவி ஆராய்ந்தோர் நிறைந்த இந்தக் கண்டி அவையில் தலைமைப் பொறுப்பை ஏற்கும்போது, பெருமிதத்தோடு சிறிது அச்சமும் கலந்தே இருக்கிறது. நடிகையரும் இலங்கைத் திரையும் என்னும் பொதுப்பொருளின் அடிப்படைகளை அவை நன்கறியும். படப்பிடிப்பு நிலையங்கள், விநியோகம், விருதுகள் ஆகியவற்றைக் கட்டுரையாளர்கள் விரித்துரைப்பர். ஆகவே இவ்வுரை, ருக்மணி தேவியின் கலைவாழ்வு எங்கிருந்து கணக்கிடப்பட வேண்டும் என்ற ஒரு வினாவிலேயே நிலைகொள்கிறது.

கண்டியிலிருந்து கம்பளை, புசல்லாவை வழியாக நுவரெலியாவுக்கு ஏறும் வீதியிலுள்ள றம்பொடையில், 1923 ஜனவரி 15இல், தமிழ்க் கிறிஸ்தவக் குடும்பமொன்றில் டெய்சி ராசம்மா டானியல்ஸ் என்ற பெயரோடு பிறந்தவர் அவர். 1947 ஜனவரி 21இல் கொட்டாஞ்சேனை கிங்ஸ்லி திரையரங்கில் திரையிடப்பட்ட முதல் சிங்களப் பேசும்படமான 'கடவுணு பொறொந்துவ'வின் நாயகியாக அவர் தோன்றிய நாளையே நூல்கள் பலவும் தொடக்கமாகக் கொள்கின்றன. அப்படம் எஸ்.எம்.நாயகத்தின் தயாரிப்பில் தென்னிந்தியாவில் எடுக்கப்பட்டதால் அது சிங்களப் படமாகுமா என்று நெடுங்காலம் நடந்த வாதம், கதையும் நடிகர்களும் நீர்கொழும்பு மினர்வா நாடகக் குழுவிலிருந்தே வந்தவை என்பதை எண்ணும்போது வலுவிழக்கிறது.

மூத்த ஆய்வாளர்களின் உழைப்புக்குக் கடன்பட்ட நிலையிலும், 1947 என்ற தொடக்கத்தை மறுத்தே ஆகவேண்டியிருக்கிறது. சிறுவயதிலேயே மேடையேறிய ருக்மணி, 1930களின் இறுதியில் எச்.டபிள்யூ.ரூபசிங்கவுடன் பாடிய 'சிறி புத்தகயா விகாரே' இசைத்தட்டின் வழியாக, முகம் காணாத வீடுகளிலும் அறியப்பட்டிருந்தார். கடவுணு பொறொந்துவவுக்குத் திரண்ட கூட்டத்தில் ஒரு பகுதியேனும், ஏற்கெனவே கேட்டுப் பழகிய குரலுக்கு உரியவரைப் பார்க்க வந்த கூட்டமே என்று கொள்வது பொருந்தும். அரக்கால் செய்யப்பட்டு நிமிடத்துக்கு 78 சுற்றுச் சுழலும் அத்தட்டின் ஒரு பக்கம் மூன்று நிமிடங்களுக்குச் சற்றே மேல் தாங்கும். நடுவே ஒட்டப்பட்ட தாளுக்கும் கடைசி வரிக்கும் இடையிலுள்ள வெற்றுப் பகுதியில் அழுத்தப்பட்டிருக்கும் சிறு எண், ஒலிப்பதிவின் வரிசையைக் காட்டும். பத்திரிகை விமர்சனங்களை வரிவரியாக மேற்கோள் காட்டுவோர் இந்த எண்ணைக் குனிந்து பார்க்காதது துறையின் பெருங்குறை.

திரைக்கு முன்பே ஒலித்த குரலே அவரது கலைவாழ்வின் அடித்தளம் என்பதை அவரது வாழ்வின் முடிவும் மெய்ப்பிக்கிறது. ஏறத்தாழ நூறு படங்களில் நடித்தவர், 1978 அக்டோபர் 28இல் மாத்தறை உயன்வத்தையில் இசைநிகழ்ச்சியொன்றில் பாடிவிட்டுத் திரும்பும் வழியில் ஜா-எலவுக்கு அருகே துடெல்லவில் நேர்ந்த வாகன விபத்தில் இறந்தார். ஜெர்மானிய நடிகை மார்லீன் டீட்ரிச்சின் பெயர் இங்கு எழுவது இயல்பே: 1930இல் 'நீல தேவதை' படத்தால் உலகறிந்த அவர், 1950களிலிருந்து பெரும்பாலும் மேடைப் பாடகியாகவே வாழ்ந்து, 1975இல் சிட்னி மேடையில் விழுந்து கால் முறியும்வரை பாடினார். அவரது மேடை ஆண்டுகளைத் திரைவாழ்வின் தேய்பிறை என்று ஒதுக்குவது எவ்வளவு பிழையோ, ருக்மணியின் பிற்கால இசைமேடைகளை வறுமையின் கதையாக மட்டும் சுருக்குவதும் அவ்வளவு பிழை.

ருக்மணியைத் தமிழராகக் கொண்டாடுவதோடு நிறைவடையும் தமிழ்க் கட்டுரைகளும், அப்பிறப்பை ஒரு வரியில் கடந்துவிடும் சிங்களக் கட்டுரைகளும், இரு மொழிச் சூழலும் சேர்ந்து உருவாக்கிய அக்குரலைக் கேட்காமலே தீர்ப்பளிக்கின்றன. பழைய வீடுகளின் பரண்களில் உடைந்துகொண்டிருக்கும் அரக்குத் தட்டுகளை இவ்வரங்கு முதலில் திரட்டிப் பட்டியலிட வேண்டும். அந்தப் பட்டியலோடு ஒப்பிட்ட பின்னரே அவரது படவரிசை பற்றிய எந்த முடிவையும் ஏற்க வேண்டும்.