ஊதிய நிலுவையும் நீதிமன்றத்தின் எல்லையும்
(வெள்ளி விழாக் கருத்தரங்கில் ஆற்றிய உரை)



கோவில்பட்டியையும் அதனைச் சூழ்ந்த கரிசல் சிற்றூர்களையும் எடுத்துக்கொண்டால், விடியுமுன் துடைப்பத்துடன் தெருவில் இறங்குவோருள் மிகப் பலர் நம் வீட்டு மக்களே. ஒருவர் நிரந்தரப் பணியாளர். அவர் அருகிலேயே அதே சாக்கடையை அள்ளும் மற்றொருவர் தினக்கூலி. வேலை ஒன்று, ஊதியம் இரண்டு. "இதற்கு நீதிமன்றம் இல்லையா?" என்று நம் இளைஞர்கள் கேட்கின்றனர். நீதிமன்றம் உண்டு. ஆயின் எந்த வாயில் எதற்குத் திறக்கும் என்பதை அறியாது சென்றால் ஆண்டுகள் வீணாகும்.

தில்லி மாநகராட்சியின் தினக்கூலித் தொழிலாளர் வழக்கு இதற்கு நல்ல சான்று. நிரந்தரத் தொழிலாளருக்குரிய ஊதியமே தமக்கும் உரியது என்று கூறி, 1947ஆம் ஆண்டுத் தொழில் தகராறுச் சட்டத்தின் 33-சி(2) பிரிவின்படி வேறுபாட்டுத் தொகையைக் கேட்டு அவர்கள் தொழிலாளர் நீதிமன்றத்தை அணுகினர். அங்கே வென்றனர், உயர்நீதிமன்றத்திலும் வென்றனர். 1994இல் உச்சநீதிமன்றம் அத்தீர்ப்புகளை நீக்கியது. கோரிக்கை நேர்மையற்றது என்று அது கூறவில்லை. அப்பிரிவின்கீழ் அமரும் நீதிமன்றம், முன்பே நிலைநாட்டப்பட்ட உரிமையைப் பணமாகக் கணக்கிட்டுத் தரலாம். சம ஊதியத்திற்கு உரிமை உண்டா என்னும் மூல வினாவையே அங்கு விசாரிக்க இயலாது என்றது. கடன் பத்திரம் கையிலிருப்பவன் வட்டியைக் கணக்கிடச் சொல்வது வேறு. கடன் கொடுத்தேனா என்பதையே மெய்ப்பிக்க முனைவது வேறு.

இதற்கு மாறாக, 1963இல் சென்ட்ரல் வங்கி எழுத்தர்கள் வென்றனர். கணக்கிடும் பொறியை இயக்கியமைக்குத் தனிப்படி உண்டு என்பது சாஸ்திரி தீர்ப்பில் முன்பே எழுதப்பட்டிருந்தது. முதலாளி மறுத்துவிட்டார் என்பதனாலேயே நீதிமன்றத்தின் அதிகாரம் போய்விடாது என்று உச்சநீதிமன்றம் அவ்வழக்கில் கூறியது. எழுத்தருக்கு இருந்த ஏடு துப்புரவாளருக்கு இல்லை, வேறுபாடு அவ்வளவே. எழுத்தறிவு யாரிடம் இருந்ததோ அவரிடமே ஏடும் இருந்தது என்பதை நாம் மறத்தலாகாது.

2016இல் பஞ்சாப் அரசு வழக்கில், நிரந்தரப் பணியாளர் செய்யும் அதே வேலையைச் செய்யும் தற்காலிக ஊழியருக்கு அவ்வூதிய விகிதத்தின் அடிப்படைத் தொகையேனும் உரியது என உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. அங்கும், அதே வேலைதான் என்பதை மெய்ப்பிக்கும் சுமை ஊழியர்மீதே உள்ளது.

ஆசிரியர்களாகிய நாமோ "தொழிலாளர்" என்ற சொல்லுக்குள்ளேயே அடங்கோம். 1988இல் கோவா ஆசிரியை ஒருவரின் வழக்கில் அவ்வாறு முடிவாயிற்று. நம் மாநில அரசு ஊழியரின் ஊதியக் குறைக்கு உயர்நீதிமன்றமே வழி. 2004இல் மதுரைக் கிளை திறக்கப்பட்டபின் சென்னைவரை செல்லும் பயணமாவது குறைந்தது.

2025 நவம்பர் 21 முதல் பழைய சட்டத்தின் இடத்தில் தொழிலுறவுச் சட்டத்தொகுப்பு நடைமுறைக்கு வந்துள்ளது. முன்பு மூலத் தகராறு ஒன்றை அரசு அனுப்பி வைத்தாலன்றிப் பெரும்பாலும் தீர்ப்பாயம் விசாரிக்காது. இப்போது சமரசம் முறிந்தால், குறித்த நாளுக்குள் தரப்பினரே நேரே விண்ணப்பிக்கலாம். இது நமக்குச் சிறு நன்மையன்று. வேலை ஒப்பந்தக்காரரிடம் விடப்பட்டிருந்து, அவர் கூலி தரத் தவறினால், வேலையை அளித்த நிறுவனமே தந்தாக வேண்டும் என்பது முந்தைய சட்டத்திலும் இருந்தது, இன்றும் உள்ளது.

காலத்தைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். உடற்குறையால் 1983இல் படையிலிருந்து அனுப்பப்பட்ட வீரர் ஒருவர், ஓய்வூதியம் கேட்டு 1999இல்தான் வழக்கிட்டார். 2008இல் உச்சநீதிமன்றம் உரிமையை ஏற்றது. நிலுவையை மட்டும் வழக்கிட்ட நாளுக்கு முந்தைய மூன்றாண்டுகளுக்குச் சுருக்கிவிட்டது. ஏறத்தாழப் பதின்மூன்று ஆண்டுப் பணம் போயிற்று. புரட்டாசி ஈரத்தைத் தவறவிட்டவன் தையில் எதை அறுப்பான்?

ஆகவே வழக்கறிஞரைத் தேடுமுன் நாம் தேட வேண்டியவை வருகைப் பதிவேட்டின் படி, நியமன ஆணை, ஊதியப் பட்டியல், ஒப்பந்தத்தின் நகல் ஆகியன. தகவல் பெறும் உரிமைச் சட்டம் 2005இன்படி பத்து ரூபாய்க் கட்டணத்துடன் மனுச் செய்தால் 30 நாட்களுக்குள் அலுவலகம் விடை தர வேண்டும். அம்மனுவை எழுதிக் கொடுக்க, இங்கு அமர்ந்திருக்கும் பட்டதாரி இளைஞர் எவருக்கும் அரைமணி நேரம் போதும்.