பண்டோராவுக்கு பஸ் கிடையாது

(‘கற்பனை உலகங்கள் சொல்லும் தத்துவம் வாழ்க்கைக்குத் துணையா? வெறும் பொழுதுபோக்கா?’ ஒரகடத்தில் நடைபெற்ற பட்டிமன்றத்தில், ‘வெறும் பொழுதுபோக்கே’ என்ற அணியில் பேசியது.)



எதிரணித் தங்கை ‘அவதார்’ படத்தைப் பத்தி ரொம்ப உருக்கமாப் பேசினாங்க. 2009-இல் ஜேம்ஸ் கேமரூன் எடுத்த படம். பண்டோரான்னு ஒரு நிலா. அங்கே நீல நிறத்தில் பத்தடி உயர மனுஷங்க. மரம், மிருகம், ஆள் எல்லாம் ஒரே உயிரில் கோத்துக் கிடக்கு. அந்த உயிருக்கு ஏவான்னு பேரு. கேட்டதும் எனக்கே ஒரு டிக்கெட் எடுத்துப் போயிடலாம்னு தோணுச்சு. ஆனா பண்டோராவுக்கு நம்ம ஊர்ல இருந்து பஸ் இல்லையே! (சிரிப்பு)

இதை நம்புறவங்களும் இருக்காங்க ஐயா. 1977-இல் ‘ஸ்டார் வார்ஸ்’ படம் வந்தது. அதில் ஜெடின்னு ஒரு துறவி வீரர் கூட்டம். அண்ட சராசரத்தையும் கட்டி ஆள்ற ஒரு சக்தியை அவங்க வணங்குவாங்க. 2001-இல் இங்கிலாந்திலும் வேல்ஸிலும் மக்கள்தொகைக் கணக்கு எடுத்தப்ப, உங்க மதம் என்னன்னு கேட்ட இடத்தில் சுமார் 3 லட்சத்து 90 ஆயிரம் பேர் ‘ஜெடி’ன்னு எழுதிக் கொடுத்துட்டாங்க. பாதிப் பேர் கிண்டலுக்குத்தான் எழுதியிருப்பாங்க. அப்படியே பார்த்தாலும், மீதிப் பேருக்கு என்ன தேவைப்பட்டுச்சு? ஏதோ ஒண்ணு தேவைப்பட்டிருக்கு. அதை நான் மறுக்கலை.

நான் கேட்கிறது ஒண்ணுதான். எல்லாம் ஒரே உயிர், எல்லாம் ஒண்ணோடு ஒண்ணு கோத்தது. இதைக் கேட்க வேற்று உலகம் போகணுமா? இங்கே இருந்து வடக்கே பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர். ஸ்ரீபெரும்புதூர். பஸ் இருக்கு, ஷேர் ஆட்டோ இருக்கு. 1017-இல் அங்கே ராமானுஜர் பிறந்தார். ஆதிகேசவப் பெருமாள் கோயிலில் ‘தானுகந்த திருமேனி’ன்னு அவர் உருவம் இன்னைக்கும் இருக்கு. தினம் கம்பெனி பஸ்ஸில் அந்தப் பக்கமாப் போறோம், வர்றோம். காதில் பாட்டு ஓடுது, ஊர் தெரியறதில்லை.

அவர் சொன்னது விசிஷ்டாத்வைதம். பேரைக் கேட்டுப் பயப்படாதீங்க. உங்க உடம்புக்குள்ளே உயிர் இருக்கு. கையும் காலும் உயிர் சொன்னபடி நடக்குது. அதே மாதிரி இந்த மண், மரம், நீங்க, நான், சந்தவேலூர்ச் சந்தி, எல்லாம் சேர்ந்து இறைவனுக்கு உடம்பு. உடம்பு பொய்யில்லை, அதனால உலகமும் பொய்யில்லை. உலகத் தோற்றம் மாயைன்னு சொன்ன அத்வைதத்தோடு அவர் மல்லுக்கட்டினது இந்த இடத்தில்தான். சரி, உலகம் உடம்புன்னு ஒத்துக்கிட்டா அடுத்து என்ன ஆகுது? உடம்பில் எந்த விரலை ‘நீ தள்ளி நில்லு’ன்னு சொல்வீங்க?

தத்துவம் செலவு வைக்க ஆரம்பிக்கிற இடம் இது. குருபரம்பரைக் கதைகள் அந்தச் செலவைத்தான் சொல்லுது. பதினெட்டு முறை நடையா நடந்து திருக்கோட்டியூர் நம்பிகிட்ட ரகசிய மந்திரத்தின் பொருளை வாங்கினார். வெளியே சொன்னா நரகம்னு எச்சரிக்கை. கோபுரத்தில் ஏறி ஊருக்கே சொல்லிட்டார். இது நமக்கெல்லாம் தெரியும், கைதட்டிட்டுப் போயிடுவோம். காஞ்சிபுரத்தில் அவர் வீட்டில் நடந்த கதை அதைவிடக் கஷ்டமானது. பூந்தமல்லிக்காரர் திருக்கச்சி நம்பி, அந்தணர் அல்லாதவர். அவரைக் குருவா நினைச்சுச் சாப்பிடக் கூப்பிட்டார் ராமானுஜர். இவர் அழைச்சிட்டு வர ஒரு வழியாப் போக, அவர் வேறு வழியா வந்து சாப்பிட்டுப் போயிட்டார். திரும்பி வந்து பார்த்தா, மனைவி தஞ்சமாம்பாள் அவர் உட்கார்ந்த இடத்தைக் கழுவி, தானும் குளிச்சு, வேற சமையல் பண்ணிக்கிட்டிருக்காங்க. மனசு ஒடிஞ்சு போச்சு அவருக்கு. இப்படி ஒண்ணுக்கு மேல ஒண்ணு சேர்ந்துதான் துறவுக்குப் போனார்ங்கிறது கதை. பழியெல்லாம் அந்த அம்மா தலையில் போடறதில் எனக்குச் சம்மதம் இல்லை ஐயா. ஊருக்கெல்லாம் பாடம் சொன்னவர், வீட்டில் அடுப்படியில் நின்னவங்களுக்கு யார் பாடம் சொன்னது? (கைதட்டல்)

அவரால சாதி ஒழிஞ்சுடுச்சுன்னும் நான் சொல்ல வரலை. அவர் பேரைச் சொல்றவங்களே வடகலை, தென்கலைன்னு பிரிஞ்சு, எந்த நாமம்னு கோர்ட்டுப் படி ஏறின ஊர் காஞ்சிபுரம். ஐதராபாத் பக்கம் முச்சிந்தலில் 2022-இல் 216 அடி உயரத்துக்குச் சிலை வச்சு, சமத்துவச் சிலைன்னு பேரும் வச்சாச்சு. அண்ணாந்து பார்க்கலாம். அண்ணாந்து பார்க்கிறது சுலபம்.

என் அக்கா மகன் இந்தப் பக்கம் ஒரு கம்பெனியில் ஒப்பந்த வேலை பார்க்கிறான். எட்டுப் பேருக்கு ஒரு ரூம். நாலு பேர் பகலில் தூங்குவாங்க, நாலு பேர் ராத்திரி தூங்குவாங்க. பாய் ஒரே பாய்தான். போன மாசம் பார்க்கப் போயிருந்தேன். போனில் அந்த நீலக்காரங்க படம் ஓடுது. பெரிய மரம் சாயுது, இவன் கண்ணில் தண்ணி. எல்லாம் ஒரே உயிர் மாமா, எப்படிச் சொல்லியிருக்கான் பாருங்கன்னான். அப்ப ஒரு பையன் உள்ளே வந்தான். ஒடிசாக்காரப் பிள்ளை, அதே ரூம்தான். அலமாரியில் எல்லார் தட்டும் ஒண்ணா அடுக்கியிருக்கு. இவன் தட்டு மட்டும் கீழே, செருப்பு ஸ்டாண்டு பக்கத்தில். எடுத்துக் கழுவிக்கிட்டு மூலையில் உட்கார்ந்தான். யாரும் திட்டலை, யாரும் ஒண்ணும் சொல்லலை. படமும் நிக்கலை.

நடுவர் ஐயா, பண்டோராவுக்காக அழறதுக்குச் செலவே இல்லை. அந்த மரம் நம்ம தட்டைப் பத்தி ஒரு வார்த்தை கேட்காது. பெரும்புதூர்க்காரர் கேட்பார். அதனாலதான் பண்டோரா பொழுதுபோக்கு என்கிறேன்.

இதை அவன்கிட்டயே சொன்னேன். திருக்கச்சி நம்பி கதையை முழுசாச் சொன்னேன். அமைதியாக் கேட்டுட்டு, “மாமா, உங்க வீட்டில் பாத்திரம் தேய்க்க வர்ற அக்காவுக்கு காபி கொடுக்கிற டம்ளர் எங்கே இருக்கு?”ன்னான்.

ஜன்னல் திண்டில் இருக்கு ஐயா. அன்னைக்கு வீட்டுக்கு வந்து சம்சாரத்துகிட்ட பேச்செடுத்தேன். எங்க அம்மா வச்ச பழக்கம், அவங்ககிட்டயே போய்ச் சொல்லுங்கன்னாங்க. அம்மாவுக்கு எண்பத்திரண்டு வயசு. இன்னும் சொல்லலை. இந்த நிகழ்ச்சி டிவியில் வர்றப்ப அவங்களும் பார்ப்பாங்க.

மணி அடிச்சுட்டாங்க. உட்கார்றேன்.