இடியப்ப உரலின் அழகு

கலையென்றதும் கோபுரத்தையும் வீணையையும் நினைத்துப் பழகிப்போன நமக்கு, அடுக்களை மூலையிற் கிடக்கும் ஒரு மரச் சாமானைப் பற்றி வானொலியிற் பேசுவது விநோதமாகத் தோன்றக்கூடும். ஆயினும், கற்பிட்டித் தீபகற்பத்தின் மணற்பரப்பில் அமைந்த குறிஞ்சிப்பிட்டி போன்ற கிராமங்களில், விடியுமுன்னரே கையிலெடுக்கப்படும் இடியப்ப உரலை இன்று ஒரு ரசிகனுடைய கண்ணோடு பார்க்க விரும்புகிறேன். கற்பிட்டியில் ஒல்லாந்தர் கட்டிய கோட்டையைப் பற்றி எழுதியவர்கள் பலர். உரலைப் பற்றி யார் எழுதுவார்!

ஒப்பிட்டுப் பார்ப்பதற்காக முதலிற் கொரியா தேசத்துக்குப் போய்வருவோம். அங்கே அரிசிப் பலகாரத்தைத் 'தொக்' என்கிறார்கள். அவித்த அரிசியைக் கனத்த பலகைமேற் கொட்டி, மரச் சம்மட்டியால் அடித்துப் பசையாக்கி, அதன்மேல் 'தொக்சால்' என்னும் அச்சை அழுத்தினால், தாமரையும் செவ்வந்தியும் மீனும் தீர்க்காயுளை வேண்டும் எழுத்துக்களும் அதிற் பதிந்துவிடும். தேநீரோடு உண்ணும் சிறு பணியாரங்களுக்கு வேறோர் அச்சு உண்டு. துளையுள்ள மேற்பலகையைச் சிறு கட்டைகளால் உயர்த்தி வைத்து, துளைகளில் மாவை அடைத்து, பின்பு கட்டைகளை அகற்றி அழுத்த, கீழ்ப்பலகையின் செதுக்கிய முகங்கள் பணியாரங்களை மேலே தள்ளிவிடுகின்றன. இவற்றின் சித்திர வேலைப்பாட்டைக் கண்டவர்கள் நமது உரலைப் பார்த்தால், ஒரு பூவோ கொடியோ இல்லாத இந்த மொட்டை மரத்தில் என்ன கலை இருக்கிறது என்று கேட்பார்கள்.

அந்தக் கேள்விக்கு விடை, மரத்திற் செதுக்காத சித்திரத்தை நம்மவர்கள் மாவிலே வரைகிறார்கள் என்பதுதான். கொரிய அச்சு தன் உருவத்தைப் பலகாரத்துக்குத் தானமளிக்கிறது. நமது உரலோ, துளைத் தகட்டின் வழியே இழையை மாத்திரம் கொடுத்துவிட்டு ஒதுங்கிக்கொள்ள, அதை வட்டமாகச் சுற்றும் வேலை கையைச் சேர்கிறது. நெருக்கிச் சுற்றினால் ஆவி உள்ளே புகாமல் நடுவில் மாவாக நிற்கும். தளர்த்திச் சுற்றினால் தட்டிலிருந்து எடுக்கும்போது கலைந்துபோகும். அப்பம் விற்கும் கூவியர் பாகோடு பிடித்த இழை சூழ்ந்த வட்டத்தைச் சங்க நூலான பெரும்பாணாற்றுப்படை குறிப்பிடுவதால், இந்த ரசனை நேற்று வந்ததன்று.

இனி உரலின் அமைப்புக்கு வருவோம். தச்சனுடைய சாமர்த்தியம் இங்கேதான் இருக்கிறது. கைப்பிடிகளோடு கூடிய இரண்டு மரத் துண்டுகள். கீழ்த்துண்டிற் குடைந்த குழியின் அடியிலே துளையிட்ட தகடு, மேல்துண்டில் அக்குழிக்குள் இறங்கும் உருளை, அவ்வளவே. ஆனால் மரமோ ஈரம் பட்டால் ஊதும், காய்ந்தால் சுருங்கும். குழிக்கும் உருளைக்கும் இடைவெளி குறைந்தால், கொதிமாவின் ஆவியில் ஊதிய உருளை பாதியிலே இறுகிக்கொள்ளும். கூடினால், மா தகட்டின் வழியே இறங்காமல் உருளையின் பக்கமாக மேலேறிக் கையெல்லாம் ஒட்டும். ஆகையால், கடையிற் காய்ந்து கிடக்கும் உரலைப் பார்த்து மட்டும் அதன் தரத்தை நிர்ணயித்தல் ஆகாது. சிலநாள் அடுக்களையிற் புழங்கிய பின்னரும் அது சரளமாக இறங்குகிறதா என்பதே பரீட்சை.

சூட்டைப் பற்றியும் ஒரு வார்த்தை. கோதுமையிலுள்ள பசைச்சத்து அரிசியில் இல்லாமையால், வறுத்த அரிசிமாவிற் கொதிநீரை ஊற்றிக் குழைக்கும்போது வேகின்ற மாச்சத்தே இழையைப் பிணைத்து நிறுத்துகிறது. அந்த மா ஆறினால் இறுகிவிடும். பின்பு எவ்வளவு பலங்கொண்டு பிழிந்தாலும் இழை அறுந்தறுந்து விழும். மரம் உஷ்ணத்தை எளிதிற் கடத்தாததனால், உள்ளே மா ஆறுவதுமில்லை, வெளியே கை சுடுவதுமில்லை. இக்குணம் உலோக உரல்களுக்கு வாய்க்கவில்லை. திருகிப் பிழியும் எவர்சில்வர் உரல் தோளுக்குச் சுகந்தான், கழுவவும் எளிது. ஆயினும் திருகிக்கொண்டே வட்டம் சுற்றுவது கடினமாதலால், இடியப்பத்தின் உருவம் கெட்டுப்போகிறது. பிளாஸ்டிக் உரலைப் பற்றி என் அபிப்பிராயத்தை மரியாதை கருதிச் சொல்லாமல் விடுகிறேன்.

மர உரலுக்கும் குறைகள் உண்டு. பிழிவதற்கு மணிக்கட்டில் வலு வேண்டும்; வயோதிபப் பெண்களுக்கு அது ஒரு தண்டனையே. கழுவாமல் விட்டால் மூலைகளிற் புளித்த மா தங்கிப் பூஞ்சணம் பிடிக்கும். அதற்குப் பயந்து கடும் வெயிலில் வைத்தாலோ, மரம் ஒருபுறமாகக் காய்ந்து வெடிக்கும். கழுவிய உரலைக் காற்றோட்டமான நிழலில், இரு துண்டுகளையும் பிரித்துக் கவிழ்த்து வைப்பதே உசிதம். தகடு துருப்பிடித்தால் உரலையே எறிந்துவிடுகிறவர்களும் இருக்கிறார்கள். ஆணிகளைக் கழற்றி வேறு தகடு அடித்துக்கொண்டால் அதே மரம் இன்னும் பல காலம் உழைக்கும்.