வீழ்வதற்கென்றே ஒரு கலை: இந்தித் திரையில் பாப் கிறிஸ்டோ

நாயகனின் வலிமையை அவன் வீழ்த்தும் எதிராளியைக் கொண்டே பார்வையாளர்கள் அளக்கிறார்கள் என்பதால், வணிகத் திரைப்படத்தில் அடிவாங்கும் நடிகரின் உழைப்பு அடிக்கும் நடிகரின் உழைப்புக்குச் சற்றும் குறைந்ததன்று. எனினும் திரைப்பட வரலாறுகள் நாயகர்களையே விரித்துப் பேசுகின்றன. அவர்களுக்கு எதிரே நின்றவர்களின் பணி ஓரிரு வரிகளில் முடிந்துவிடுகிறது. அவ்வாறு இந்தித் திரையில் நெடுங்காலம் உழைத்தவர்களுள், ஆஸ்திரேலியாவின் சிட்னி நகரில் 1938இல் பிறந்த பாப் கிறிஸ்டோ தனித்து எண்ணத்தக்கவர்.

கட்டுமானப் பொறியாளரான கிறிஸ்டோ, இதழொன்றின் அட்டையில் நடிகை பர்வீன் பாபியின் படத்தைக் கண்டு ஈர்க்கப்பட்டு, 1970களில் பம்பாய்க்கு வந்தார். 1980இல் வெளிவந்த 'அப்துல்லா' படத்தில் சஞ்சய் கான் அவருக்குத் தீய மந்திரவாதி வேடம் அளித்தார். அதைத் தொடர்ந்து 'குர்பானி', 'காலியா', 'நமக் ஹலால்', 'மர்த்' எனப் படங்கள் வரிசையாக வந்தன.

அக்காலத்து இந்திப் படங்களில் வில்லன் தரப்பு பெரும்பாலும் இரண்டு அடுக்குகளாக அமைந்திருந்தது. அம்ஜத் கான், அம்ரிஷ் பூரி போன்றோர் ஏற்ற தலைமை வில்லன் திட்டம் தீட்டுவான். அத்திட்டத்தை உடல் வலிமையால் நிறைவேற்ற முயன்று தோற்பவன் அடியாள். கிறிஸ்டோவுக்குப் பெரும்பாலும் வாய்த்தது இந்த இரண்டாம் அடுக்கே. அவருடைய வெள்ளைத் தோலுக்குத் திரைக்கதைகள் இரு பொருள்களை ஏற்றின. 'மர்த்' போன்ற பிரிட்டிஷ் ஆட்சிக்காலக் கதைகளில் அது அடக்குமுறையின் அடையாளமாயிற்று. சமகாலக் கதைகளில் கடத்தல்காரனின் அயல்நாட்டுக் கூட்டாளியைக் குறித்தது. 1968ஆம் ஆண்டின் தங்கக் கட்டுப்பாட்டுச் சட்டமும் கடுமையான இறக்குமதித் தடைகளும் நடப்பில் இருந்தமையால், கடத்தல் அன்றைய பார்வையாளர்கள் நாள்தோறும் செய்தித்தாளில் படித்த குற்றமாக இருந்தது என்பதையும் இங்கு நினைவிற்கொள்ள வேண்டும்.

அவருடைய திறமைக்குச் சிறந்த சான்று, சேகர் கபூர் இயக்கி 1987இல் வெளிவந்த 'மிஸ்டர் இந்தியா'. அதில் அனுமன் சிலையைக் கவர வரும் வெள்ளையனை, கண்ணுக்குத் தெரியாத நாயகன் அந்தச் சிலையைக் கொண்டே புடைத்து, அனுமனுக்கு வாழ்த்துக் கூறவும் வைக்கிறான். அடிப்பவன் திரையிலேயே இல்லாத அக்காட்சியில், அடியின் விசையையும் திகைப்பையும் அச்சத்தையும் வாங்குபவரின் உடலும் முகமும் மட்டுமே உணர்த்தியாக வேண்டும். கிறிஸ்டோ தம் நடிப்பில் நம்பும்படி தள்ளாடியதனால்தான் இல்லாத நாயகன் இருப்பவனாகிறான்.

அவரோடு ஒப்பிடத்தக்க டாம் ஆல்டர், அமெரிக்க மதப்பணியாளர் குடும்பத்தில், 1950இல் முசூரியில் பிறந்தவர். புனே திரைப்படக் கல்லூரியில் பயின்று, தேர்ந்த உருது உச்சரிப்பால் மேடையிலும் புகழ்பெற்று, 2008இல் பத்மஸ்ரீ விருது பெற்றார். மொழி ஆல்டருக்குத் திறந்துவிட்ட வாயில்கள் கிறிஸ்டோவுக்குத் திறக்கவில்லை. அவருடைய கருவி உடல் ஒன்றே.

தங்கக் கட்டுப்பாட்டுச் சட்டம் 1990இல் நீக்கப்பட்டு, அடுத்த ஆண்டிலேயே பொருளாதாரத் தாராளமயமும் தொடங்கியபின், 'தில்வாலே துல்ஹனியா லே ஜாயேங்கே' போன்ற படங்களில் வெளிநாடு கனவுக்குரிய இடமாக மாறியது. வெள்ளைக்கார அடியாளுக்கான தேவையும் மெல்லக் குறைந்தது. 2001இல் வெளிவந்த 'லகான்' படத்தின் ஆங்கிலேயத் தளபதி வேடத்துக்குப் பால் பிளாக்தார்ன் பிரிட்டனிலிருந்து வரவழைக்கப்பட்டார். பெங்களூரில் குடியேறி யோகா பயிற்றுநராகப் பணியாற்றிய கிறிஸ்டோ, 2011 மார்ச் 20 அன்று காலமானார். அவருடைய தன்வரலாறு அதே ஆண்டில் நூலாக வெளிவந்தது.

ஒரு சமூகம் எவரை அஞ்சியது, எவரை வென்றதாகக் கற்பனை செய்து மகிழ்ந்தது என்பதை அறிய விரும்பும் ஆய்வாளருக்கு, நாயகர்களைப் போலவே அவர்களிடம் தோற்றவர்களும் முதன்மையான சான்றுகளாவர். ஆகவே இந்தித் திரைப்பட வரலாற்றில் பாப் கிறிஸ்டோவுக்கு உரிய இடம் அடிக்குறிப்பன்று. தனி இயலே ஆகும்.