ஹிபாவும் பத்திரமும்

(நமது டிரஸ்டின் சட்ட விழிப்புணர்வுக் கூட்டத்தில் செயலாளர் ஆற்றிய உரை)





திருக்குர்ஆனில் மிக நீளமான வசனம் எது? கொடுக்கல் வாங்கலை எழுதி வைப்பது பற்றிய, அல்பகரா அத்தியாயத்தின் 282ஆவது வசனம். கடனுக்கே இந்த அளவு கவனம் என்றால், வீடு வாசலுக்கு எவ்வளவு கவனம் வேண்டும்!

இரண்டு வருடத்துக்கு முன் ஒரு சகோதரி 20 ரூபாய் முத்திரைத்தாள் ஒன்றைக் கொண்டு வந்தார். "அத்தா வீட்டை எனக்கு ஹிபா செய்துவிட்டார்" என்றார். கையெழுத்தும் சாட்சியும் இருந்தன. ஆனால் மவுத்தாகும் வரை முன்கடை வாடகையை வாங்கியது அத்தாதான். வீட்டு வரியும் கரண்ட் கனெக்சனும் அவர் பெயரில்தான். "அத்தா சொன்னது உண்மை, ஆனால் கொடுக்கவில்லையே" என்றார்கள் இரண்டு அண்ணன்மார்களும். மூன்று முறை உட்கார்ந்து பேசினோம். முடிவில் வாரிசுப்படி ஐந்து பங்கு: அண்ணன்களுக்கு இரண்டிரண்டு, தங்கைக்கு ஒன்று. முழு வீட்டை எதிர்பார்த்தவர் ஐந்தில் ஒரு பங்கோடு போனார். அண்ணன் தங்கை பேச்சு வார்த்தை இன்றுவரை இல்லை.

ஹிபாவுக்கு மூன்று நிபந்தனைகள். கொடுப்பவர் சொல்ல வேண்டும், வாங்குபவர் ஏற்க வேண்டும், சொத்து கைமாற வேண்டும். மூன்றும் இருந்தால் பதிவு கட்டாயமில்லை. ஹபீஸா பீவி எதிர் ஷேக் ஃபரீத் வழக்கில் 2011இல் உச்ச நீதிமன்றம் அப்படித்தான் சொன்னது. அந்த ஹிபா எழுதப்பட்டது 1968இல். இடையில் உயர் நீதிமன்றம் பதிவில்லாததால் செல்லாது என்றது. வென்றார்கள், ஆனால் தீர்ப்பு வந்தது 43 வருடம் கழித்து! நம்மில் யாருக்கு அவ்வளவு ஆயுசும் பணமும் இருக்கிறது?

"பதிவுக்குச் செலவாகுமே" என்பீர்கள். கணக்குப் பார்ப்போம். 2023 ஜூலை முதல் நம் மாநிலத்தில் குடும்பத்துக்குள் எழுதும் செட்டில்மென்டுக்கு முத்திரைத் தீர்வை 1 சதவீதம், அதிகபட்சம் 40,000 ரூபாய். பதிவுக் கட்டணம் 1 சதவீதம், அதிகபட்சம் 10,000. 20 லட்சம் மதிப்புள்ள வீட்டை மகளுக்கு எழுத 20,000மும் 10,000மும் ஆக 30,000. அதையே கிரயமாக எழுதினால் தீர்வை 7, கட்டணம் 2 சதவீதம், 1,80,000 ஆகும்.

ஆனால் அவசரம் வேண்டாம். செட்டில்மென்ட் எழுதிக் கொடுத்த பின் நினைத்தபடி ரத்து செய்ய முடியாது. வயதான காலத்தில் பிள்ளை பராமரிக்க வேண்டும் என்பதைப் பத்திரத்திலேயே நிபந்தனையாக எழுதுங்கள். 2007ஆம் ஆண்டு மூத்த குடிமக்கள் சட்டம் உங்களுக்குத் துணை நிற்கும். மற்றப் பிள்ளைகளுக்கும் நீதம் செய்யுங்கள்.

இடம் வாங்குவோருக்கு ஒரு வார்த்தை. கொடுத்தது ஒரு தொகை, பத்திரத்தில் காட்டுவது ஒரு தொகை என்பது நம்மிடம் பழக்கமாகிவிட்டது. அது பொய், முஃமினுக்கு ஆகாது. மதிப்புக் குறைவு என்று சார்பதிவாளர் கருதினால் 47-ஏ பிரிவில் தனித்துணை ஆட்சியருக்கு அனுப்புவார். பத்திரம் நிலுவையில் கிடக்கும், லோன் வாங்க முடியாது. நோட்டீஸ் வந்தால் பீரோவில் வைத்துவிடாதீர்கள். நாள் தவறாமல் ஆஜராகி, அக்கம்பக்கத்துக் கிரயப் பத்திர நகல்களைக் காட்டுங்கள். வழிகாட்டி மதிப்பு உங்கள் இடத்துக்கு அதிகம் என்றால், பாதை இல்லை, பள்ளம் என்ற காரணங்களை எழுத்தில் கொடுங்கள். தீர்ப்பு பாதகமானால் பதிவுத்துறைத் தலைவரிடம் மேல்முறையீடு உண்டு. கெடு தாண்டக் கூடாது.

இன்று வீட்டுக்குப் போனதும் ஒன்று செய்யுங்கள். பத்திரம், பட்டா, வில்லங்கச் சான்று, வரி ரசீது நான்கையும் எடுத்துப் பெயர் ஒன்றாக இருக்கிறதா பாருங்கள். இல்லையென்றால், பெரியவர்கள் உயிரோடு இருக்கும்போதே சரிசெய்யுங்கள். விவரம் தெரியாதவர்கள் காகிதங்களோடு நம் அலுவலகத்துக்கு வாருங்கள். இன்ஷா அல்லாஹ், கூட இருந்து பார்ப்போம்.

நம் பிள்ளைகள் நமக்குப் பின்னும் ஒரே தஸ்தர்கானில் உட்கார்ந்து சாப்பிட அல்லாஹ் அருள்புரிவானாக. ஆமீன்.